நிறுவல் கலை, கருத்துருக் கலை: வேலை எப்படி நடந்தது என்று சொல்லும் புத்தகங்கள் எவை?

தாழ்வாரம்:

நுண்கலை மாணவர்கள் பதினைந்து பேர் கொண்ட வாசிப்பு வட்டத்துக்கு, நிறுவல் கலை (ஓர் இடத்தையே படைப்பாக மாற்றுவது), கருத்துருக் கலை (பொருளைவிட யோசனையை முன்வைப்பது) பற்றி ஒரு சின்ன நூல் அலமாரி சேர்க்க வேண்டும். கையிருப்பு இருபதாயிரம் ரூபாய். ஏழெட்டுப் புத்தகம் வந்தால் போதும்.

கடைகளில் கிடைப்பவற்றில் பெரும்பாலானவை வழவழ தாளில் அச்சான கனத்த படப் புத்தகங்கள். முந்நூறு பக்கம் புரட்டிய பிறகும் அந்தப் படைப்பு எவ்வளவு உயரம், எதனால் ஆனது, பார்க்க வந்தவர் உள்ளே போகலாமா, கண்காட்சி முடிந்ததும் அதை என்ன செய்தார்கள் என்று எதுவும் தெரிவதில்லை. மாணவர்களும் நாளைக்கு இப்படி ஒன்றைச் செய்யப்போகிறவர்கள். அவர்களுக்குப் படம் மட்டும் பத்தாது.

எந்த நூல்களை வாங்கலாம்? இலவசமாகக் கிடைப்பவை எவை? பழைய பிரதி வாங்கினால் எதைச் சோதிக்க வேண்டும்? இந்திய, இலங்கைக் கலைஞர்களைப் பற்றியும் சொல்லுங்கள்.

வெள்ளைச்சுவர்:

வாங்குவதற்கு முன் எந்த நூலாக இருந்தாலும் ஒரு படைப்பை மட்டும் எடுத்துக்கொண்டு சோதித்துப் பாருங்கள். வால்டர் டி மரியாவின் 'நியூயார்க் எர்த் ரூம்' (1977) இதற்கு நல்ல உரைகல். நியூயார்க் வூஸ்டர் தெருவில் ஒரு மாடி முழுவதும் மண் கொட்டியிருக்கும் படைப்பு அது. படத்தில் வெள்ளைச் சுவர், கறுப்பு மண், ஒரு ஜன்னல், அவ்வளவுதான். ஆனால் 3,600 சதுர அடித் தளம், 22 அங்குல ஆழம், 250 கன கெஜம் மண், 2,80,000 பவுண்டு எடை, அதாவது சுமார் 127 டன் என்று நூல் சொன்னால் அடுத்த கேள்வி தானாக வரும்: அந்த மாடி இதை எப்படித் தாங்குகிறது? மண்ணுக்கு நீர் தெளித்து, வாரிச் சமன்படுத்த ஆள் இருக்கிறார் என்பதையும் சொன்னால் இன்னும் நல்லது. படைப்பின் பாதி அந்தப் பராமரிப்பில்தான் இருக்கிறது. இவை ஒன்றுமில்லாமல் 'மௌனம்', 'இருப்பு' என்று மட்டும் எழுதியிருக்கும் நூலை வைத்துவிட்டு வந்துவிடலாம்.

அடுத்து, படக்குறிப்பைப் படிக்கப் பழக வேண்டும். மாணவர்கள் அதிகம் தவறுவது இங்கேதான்.

ஆண்டு இரட்டையாக, 1917/1964 என்று இருந்தால், முதலில் செய்யப்பட்டது ஒரு வருடம், நீங்கள் பார்க்கும் பொருள் இன்னொரு வருடம். மார்செல் டுஷாம்ப் ஒரு சிறுநீர்க் கோப்பையையே கலையாக வைத்த 'ஃபவுண்டன்' அப்படித்தான். 1917இல் வைத்தது தொலைந்துவிட்டது. இன்று அருங்காட்சியகங்களில் இருப்பவற்றில் பல, அவர் ஒப்புதலோடு 1964இல் எட்டுப் பிரதிகளாகச் செய்யப்பட்டவை.

'அளவு மாறக்கூடியது' என்று போட்டிருந்தால் அளவு இல்லை என்று பொருளாகாது. இடத்துக்கேற்ப யார் அளவைத் தீர்மானிக்கிறார் என்று தேடுங்கள்: கலைஞரா, வாங்கியவரா, காட்சிக்கூடமா? நல்ல நூல் அதைச் சொல்லும்.

'நிறுவல் காட்சி' என்ற குறிப்போடு ஊரும் ஆண்டும் இருக்க வேண்டும். ஜோசப் கோசுத்தின் 'ஒன் அண்ட் த்ரீ சேர்ஸ்' (1965) படைப்பில் ஒரு நாற்காலி, அதே நாற்காலியின் ஒளிப்படம், அகராதியிலிருந்து பெரிதாக்கிய பொருள் விளக்கம் என மூன்று உறுப்புகள். நாற்காலி நிற்கும் இடத்திலேயே அதைப் படமெடுத்துப் பக்கத்தில் மாட்ட வேண்டும் என்பது ஏற்பாடு. இடம் மாறினால் அந்தப் படமும் மாறும். அதனால் இரண்டு நூல்களில் வேறு வேறு நாற்காலி, வேறு வேறு தரை தெரிந்தால் அது அச்சுப் பிழை கிடையாது.

இன்னொன்றையும் எச்சரிக்கையாகச் சொல்ல வேண்டும். கண்காட்சி கேட்டலாக் பெரும்பாலும் திறப்பு நாளுக்கு முன்பே அச்சாகிவிடும். அதில் இருப்பது திட்டமும் பழைய படங்களும்தான், நடந்தது இருக்காது. நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் 1970இல் நடத்திய 'இன்ஃபர்மேஷன்' கண்காட்சியில் ஹான்ஸ் ஹாக்கே இரண்டு ஒளிபுகும் வாக்குப் பெட்டிகளை வைத்தார். இந்தோசீனா விஷயத்தில், அதாவது வியட்நாம் போரில், அதிபர் நிக்சனின் கொள்கையை நியூயார்க் ஆளுநர் ராக்கஃபெல்லர் கண்டிக்காதது, நவம்பரில் அவருக்கு வாக்களிக்காமல் இருக்க உங்களுக்கு ஒரு காரணமா என்று கேள்வி. ஆம் என்றால் இடப்பெட்டி, இல்லை என்றால் வலப்பெட்டி. ராக்கஃபெல்லர் குடும்பம் அந்த அருங்காட்சியகத்தின் தூண்களில் ஒன்று. திறப்புக்கு முந்தைய நாள்தான் ஹாக்கே கேள்வியைக் கொடுத்தார். ஆகவே கேட்டலாக்கில் அந்தக் கேள்வியும் இல்லை, பெட்டிகள் நிரம்பிய விதமும் இல்லை. முடிவில் ஆம் என்று போட்டவர்கள் மூன்றில் இரண்டு பங்குக்குச் சற்று மேல். படைப்பின் உயிரே அந்தக் கணக்கில்தான் இருக்கிறது. அதைத் தெரிந்துகொள்ளப் பிற்கால நூலுக்குத்தான் போக வேண்டும். எனவே ஒரு படைப்புக்கு அதன் காலத்துக் கேட்டலாக் ஒன்று, பத்திருபது ஆண்டு கழித்து வந்த நூல் ஒன்று என்று ஜோடியாகப் படியுங்கள்.

வாங்க வேண்டியவற்றில் முதலிடம் கிளேர் பிஷப்பின் 'இன்ஸ்டலேஷன் ஆர்ட்' (2005). காலவரிசைப்படி போகாமல், பார்ப்பவர் உடம்புக்கும் மனதுக்கும் என்ன நேர்கிறது என்பதை வைத்து நான்கு அத்தியாயங்களாகப் பிரித்திருக்கிறார்: கனவுக் காட்சிக்குள் நுழைவது, புலன் கூர்மையடைவது, இருளிலும் கண்ணாடிகளிலும் தன்னை இழப்பது, அரசியல் ரீதியாகப் பங்கெடுப்பது. மாணவர் தன் வேலையை இந்த நான்கில் எங்கே வைப்பது என்று யோசித்தாலே போதிய பயன் உண்டு. குறை என்னவென்றால் ஐரோப்பா, அமெரிக்காவைச் சுற்றியே நிற்கிறது.

பிரையன் ஓடோஹெர்ட்டியின் 'இன்சைட் த ஒயிட் கியூப்' மெலிந்த நூல். 1976இல் ஆர்ட்ஃபோரம் இதழில் வந்த மூன்று கட்டுரைகள் அதன் மையம். வெள்ளைச் சுவர், மறைத்த ஜன்னல், கூரை விளக்கு என்று காட்சிக்கூடத்தின் ஒவ்வொரு பாகமும் எப்படி வேலை செய்கிறது என்று காட்டுகிறார். பழைய பிரதி மலிவாகவே கிடைக்கும்.

லூசி லிப்பார்டின் 'சிக்ஸ் இயர்ஸ்' (1973) இல்லாமல் இந்த அலமாரி முழுமையாகாது. ஆனால் முதல் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கினால் யாரும் நாற்பதாம் பக்கத்தைத் தாண்ட மாட்டார்கள். 1966 முதல் 1972 வரை நடந்த கண்காட்சி, வெளியீடு, அறிக்கை, பேட்டி எல்லாவற்றையும் நாள்வாரியாக அடுக்கிய தொகுப்பு அது. 1969ஐ மட்டும் எடுத்துக்கொண்டு, ஒரே ஒரு பெயரைப் பின்தொடர்ந்து படியுங்கள். 1997 கலிஃபோர்னியா பல்கலைக்கழகப் பதிப்பில் அவரே எழுதிய புதிய முன்னுரை இருக்கிறது. அந்தப் பதிப்பையே வாங்குங்கள்.

கரித்துண்டு:

வெள்ளைச்சுவர் சொன்னது சரி. ஆனால் இந்தத் துறையில் 'பற்றி' எழுதிய நூல்களுக்கு முன்னால், தானே படைப்பாக அல்லது செய்முறையாக இருக்கும் நூல்களை வைக்க வேண்டும்.

யோகோ ஓனோவின் 'கிரேப்ஃப்ரூட்' 1964இல் டோக்கியோவில் 500 பிரதி அச்சானது. முழுக்கவும் வாசகருக்கான கட்டளைகள். மறுபதிப்பு எளிதாகக் கிடைக்கும். 1968 டிசம்பரில் சேத் சீகலாப் வெளியிட்ட 'ஜெராக்ஸ் புக்' இன்னும் கறாரானது: ஏழு கலைஞர்கள், ஆளுக்கு 25 பக்கம், 1,000 பிரதி. நகல் இயந்திரத்தில் எடுப்பதாகத்தான் திட்டம். செலவு கட்டுப்படியாகாமல் ஆஃப்செட்டில் அச்சடித்தார்கள். அந்த நூல்தான் கண்காட்சி. சுவரில் வேறெதுவும் மாட்டவில்லை. பிரைமரி இன்ஃபர்மேஷன் என்ற நியூயார்க் பதிப்பகத்தின் தளத்தில் சீகலாப் வெளியீடுகள் பிடிஎஃப் ஆகக் கிடைக்கின்றன.

டுஷாம்பின் 'எதாந் தொன்னே' பற்றிய கையேட்டைக் கண்டிப்பாகப் பார்க்க வேண்டும். 1946 முதல் 1966 வரை ரகசியமாகச் செய்த படைப்பு. மரக்கதவின் இரண்டு துளைகள் வழியாகத்தான் பார்க்க முடியும். அதைக் கழற்றி மறுபடி பூட்டுவதற்காக அவர் கையால் எழுதி, போலராய்டு படங்கள் ஒட்டித் தயாரித்த கோப்பை ஃபிலடெல்ஃபியா அருங்காட்சியகம் 1987இல் அச்சு அசலாக வெளியிட்டது. எந்த விளக்கு எங்கே, எதற்குப் பிறகு எதைப் பொருத்துவது என்று வரிசையாகச் சொல்கிறது. ஒரு நிறுவலை ஆவணப்படுத்துவது எப்படி என்று கற்றுக்கொள்ள இதைவிட நல்ல பாடம் கிடையாது. 2009இல் மறுபடி அச்சானது. விலை உங்கள் கணக்கைத் தின்றுவிடும். இருக்கும் நூலகத்தில் பார்த்துக்கொள்ளுங்கள்.

சால் லெவிட்டின் சுவர் வரைவுகளை (அவர் எழுதிய கட்டளைப்படி பிறர் சுவரில் வரைபவை) வெறுமனே படிக்காமல் செய்தும் பார்க்க வேண்டும். 1968 அக்டோபரில் பவுலா கூப்பர் கேலரியில் முதல் வரைவு. அதன் பிறகு 1,200க்கு மேல். விற்கும்போது கைமாறுவது ஒரு சான்றிதழும் ஒரு வரைபடமும். சுவரில் இருப்பதை வெள்ளையடித்து மூடிவிட்டு வேறு ஊரில், வேறு கைகளால் மறுபடி வரையலாம். அமெரிக்காவின் மாஸ் மோக்கா அருங்காட்சியகத்தில் 2008இல் திறந்த 105 வரைவுகளும் அப்படி வரையப்பட்டவைதான்.

வட்டத்தில் ஒரு நாள் 65ஆம் எண் வரைவை (1971) எடுங்கள். கட்டளையின் சாரம்: நீளம் குறையாத, நேராக இல்லாத கோடுகள், ஒன்றையொன்று வெட்டியும் தொட்டும், போகிற போக்கில் நான்கு நிறத்தில், சுவர் முழுவதும் சீராகவும் முடிந்தவரை நெருக்கமாகவும். நிறங்கள் சிவப்பு, மஞ்சள், நீலம், கறுப்பு. எட்டுக்கு நான்கு அடி பலகையில் வெள்ளை மேட் பெயிண்ட் இரண்டு கோட் அடித்து, நடுவில் மணல்தாள் போட்டுத் தேயுங்கள். பளபளப்பு பெயிண்டில் கலர் பென்சில் வழுக்கும், பிடிக்காது. நான்கு பேர், ஆளுக்கு ஒரு நிறம். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை எல்லோரும் இடம் மாற வேண்டும்.

மூன்று விஷயம் கெடும். தோளை அசைத்து வரைந்தால் கோடு நேராகிவிடும். மணிக்கட்டும் முழங்கையும்தான் அசைய வேண்டும். கை எட்டும் நடு உயரத்தில் கோடுகள் குவிந்து, ஓரமும் மூலையும் வெறிச்சென்று நிற்கும், ஓரத்திலிருந்து தொடங்குங்கள். கறுப்பு மற்ற மூன்றையும் அமுக்கிவிடும். முனையைக் கூராகவே வைத்துக்கொண்டு அழுத்தாமல் போட வேண்டும். ஒரு மணி நேரத்தில் 'சீராக' என்ற ஒரு சொல் எவ்வளவு உழைப்பைக் கேட்கிறது என்று தெரிந்துவிடும். யோசனைதான் கலை, கைவேலை ஒன்றுமில்லை என்று நினைப்பவருக்கு இது அவசியம். சான்றிதழ் இல்லாததால் இது பயிற்சி மட்டுமே. லெவிட்டின் பெயர் போட்டுக் காட்சிக்கு வைக்கக்கூடாது. முடிந்ததும் வெள்ளையடித்துவிடுங்கள்.

ஃபெலிக்ஸ் கொன்சாலஸ்-டோரஸின் மிட்டாய்ப் படைப்புகளும் இதே வகைதான். 1991இல் செய்த, 'லாஸ் ஏஞ்சலஸில் ராஸின் உருவப்படம்' என்று பெயரிட்ட மிட்டாய்க் குவியலுக்கு 'இலட்சிய எடை' 175 பவுண்டு, சுமார் 79 கிலோ. வருபவர் ஆளுக்கொரு மிட்டாய் எடுத்துக்கொள்ளலாம், குவியல் குறையும், மறுபடி நிரப்பலாம். ராஸ் அவருடைய துணைவர், அதே ஆண்டு எய்ட்ஸில் இறந்தார். குவியல் மூலையில் சாய்ந்திருந்ததா, தரையில் பரவியிருந்ததா என்பது ஒவ்வொரு முறையும் மாறும். ஒரே படத்தைப் போடும் நூல் இந்தப் படைப்புக்கு அநியாயம் செய்கிறது. அவர் பெயரிலுள்ள அறக்கட்டளையின் தளத்தில் ஒவ்வொரு படைப்புக்கும் பல ஊர்களில் வைத்த படங்கள் இருக்கின்றன. முதலில் அங்கே போங்கள். நூல் வேண்டுமென்றால் ஜூலி ஆல்ட் தொகுத்தது (2006) நல்லது.

வடக்குவீதி:

இலங்கை பற்றிக் கேட்டிருந்தீர்கள். தா. சனாதனனின் 'த இன்கம்ப்ளீட் தோம்பு' (2011, ரேக்கிங் லீவ்ஸ் வெளியீடு) உங்கள் பட்டியலில் கட்டாயம் இருக்க வேண்டும். தோம்பு என்பது ஒல்லாந்தர் காலக் காணிப் பதிவேடு. போரில் வடக்கிலிருந்து இடம்பெயர்ந்த தமிழ் பேசும் மக்கள், விட்டுவந்த வீட்டை நினைவிலிருந்து தரைப்படமாக வரைந்திருக்கிறார்கள். மொத்தம் 80 வீடுகள். அந்தக் கைவரைவை ஒரு கட்டடக் கலைஞரின் முறையான வரைபடமாகவும், அதன் பிறகு சனாதனனின் சுண்ணக்கோல் ஓவியமாகவும் அடுத்தடுத்துப் பார்க்கலாம்.

படிக்கும் முறை முக்கியம். ஓவியத்திலிருந்து தொடங்க வேண்டாம். முதலில் கைவரைவைப் பாருங்கள்: கிணறு வீட்டைவிடப் பெரிதாக இருக்கும், அறைக்குக் கதவு இருக்காது, மாமரம் மட்டும் சரியான இடத்தில் நிற்கும். பிறகு அளவுகோல் பிடித்த வரைபடத்துக்கு வாருங்கள். எது நேராக்கப்பட்டது, எது காணாமற்போனது என்று மாணவர்களைக் குறிக்கச் சொல்லுங்கள். காணி உறுதி தொலைந்தவர்களுக்கு அந்தக் கைவரைவு எவ்வளவு பெறுமதி என்று விளக்கத் தேவையில்லை.

நிறுவல் கலைக்கு இது எப்படிப் பொருந்தும் என்று கேட்கலாம். கருத்துருக் கலைஞர்கள் அறுபதுகளில் அலுவலகக் கோப்பு, அட்டவணை, வரைபடம் போன்ற உலர்ந்த வடிவங்களைக் கையில் எடுத்தார்கள். அந்த வடிவத்துக்கு உண்மையிலேயே கனம் ஏறிய இடம் இந்தப் புத்தகம் என்பது என் முடிவு. 2005 முதல் 2007 வரை சனாதனன், ஜகத் வீரசிங்க, சந்திரகுப்த தேனுவர, முஹன்னத் காதர் நால்வரும் தபாலில் ஓவியம் பரிமாறி, ஒருவரின் ஓவியத்துக்கு அடுத்தவர் ஓவியத்தாலேயே பதிலளித்த 'த ஒன் இயர் டிராயிங் புராஜெக்ட்' (2008) அதே பதிப்பகம்தான். போர் நடந்த காலத்துத் தபால் அது என்பதை மனதில் வைத்துப் படிக்க வேண்டும்.

பழுப்புத்தாள்:

இந்தியக் கலைஞர்களுக்கு வருவோம். கலை விமர்சகர் கீதா கபூரின் 'வென் வாஸ் மாடர்னிசம்' (2000, தூலிகா) கடினமான நடை. கடைசிப் பகுதியிலிருந்து பின்னோக்கிப் படித்தால் பிடி கிடைக்கும். நளினி மாலனியின் 'இன் சர்ச் ஆஃப் வேனிஷ்ட் பிளட்' 2012இல் ஜெர்மனியின் காசெல் நகரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சிக்குச் செய்யப்பட்டது: ஆறு காணொளிகள், உட்புறம் ஓவியம் தீட்டிச் சுழலும் ஐந்து மைலார் (ஒளிபுகும் பிளாஸ்டிக் தாள்) உருளைகள். அதே ஆண்டில் வந்த நூல் உண்டு. சுழலும் நிழலை அச்சில் கொண்டுவர முடியாது. ஆகவே உருளை எங்கே, புரொஜெக்டர் எங்கே என்பதைத் தாளில் வரைந்து வைத்துக்கொண்டு, பிறகு இணையத்தில் காணொளியைப் பாருங்கள்.

ஷீலா கவுடாவின் 'பிஹோல்ட்' (2009, இப்போது பிரிட்டனின் டேட் அருங்காட்சியகத்தின் வசம்) நம் பக்கத்து வாழ்க்கையிலிருந்து போனது. கோயிலில் முடிகாணிக்கை கொடுத்த தலைமுடியில் திரித்த கயிறு, சுமார் 4,000 மீட்டர்; அதோடு கார் பம்பர்கள். வண்டிக்குத் திருஷ்டிக் கயிறு கட்டும் பழக்கம் தெரிந்த நம் மாணவருக்கு நூலின் விளக்கம் பாதி தேவைப்படாது. அவருடைய 2019 மிலான் கண்காட்சிக்கு ஹேங்கர்பிகொக்கா காட்சிக்கூடம் வெளியிட்ட வழிகாட்டி அவர்கள் தளத்திலேயே இலவசம். பொருள், செய்முறை இரண்டையும் படைப்புவாரியாக எழுதியிருக்கிறார்கள்.

விவான் சுந்தரத்தின் 'பிளாக் கோல்ட்' 2012 கொச்சி-முசிறி பினாலேயில் (ஈராண்டுக் கலைவிழா) இருந்தது. கேரளத்தில் பட்டணம் என்ற ஊரில் நடந்த அகழாய்வில் ஒதுக்கிவைத்த பானையோடுகளைத் தரையில் ஒரு நகரமாகப் பரப்பி, மிளகும் சேர்த்தார். 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்று அகநானூறு 149 சொல்லும் அதே முசிறி, அதே கறி, அதாவது மிளகு. இந்த வரியைத் தெரிந்துகொண்டு பார்க்கும் வாசகருக்கு எந்த ஆங்கில கேட்டலாக்கும் தராத ஒரு வாசல் திறக்கிறது. கீதா கபூர், விவான் சுந்தரம் இருவரின் ஆவணங்களை ஹாங்காங்கின் ஏஷியா ஆர்ட் ஆர்க்கைவ் ஸ்கேன் செய்து இணையத்தில் வைத்திருக்கிறது. குறிப்பேடு, அழைப்பிதழ், வேலை நடக்கும்போது எடுத்த படம் எல்லாம் உண்டு.

இலவசமாக எடுக்க வேண்டியவை இன்னும் சில. நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் 1929 முதலான கண்காட்சிகளின் பதிவுகளை 2016இல் தளத்தில் ஏற்றியது. 'இன்ஃபர்மேஷன்' கேட்டலாக்கும் அதில் முழுதாக இருக்கிறது. நியூயார்க்கின் குகன்ஹைம் அருங்காட்சியகம் வெளியிட்ட 'பெர்மனன்ஸ் த்ரூ சேஞ்ச்' (2003) பிடிஎஃப், பழுதாகும் படைப்பை என்ன செய்வது என்பதற்கு நான்கு வழி சொல்கிறது: அப்படியே சேமிப்பது, வேறு கருவியால் அதே தோற்றம் வரவழைப்பது, புதிய தொழில்நுட்பத்துக்கு மாற்றுவது, புதிதாக அர்த்தப்படுத்திச் செய்வது. குழல்விளக்கின் உற்பத்தி நின்றுபோனால், அந்த விளக்குகளாலேயே வேலை செய்த டான் ஃபிளேவினின் படைப்பு என்னாகும் என்று இந்த நான்கையும் வைத்து விவாதித்துப் பாருங்கள். 'இன்சைட் இன்ஸ்டலேஷன்ஸ்' (2011, ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகப் பதிப்பகம்) திறந்த அணுக்கத்தில் உள்ளது. கலைஞரைப் பேட்டி எடுத்து, படைப்பை மறுபடி நிறுவி, என்னென்ன தவறிப்போனது என்று பதிவு செய்த ஆய்வுகள். நீங்கள் கேட்டதற்கு நேரான பதில் இந்த நூல்தான். காசே இல்லாமல் கிடைக்கிறது.

பழைய பிரதி வாங்கும்போது விற்பவரிடம் நான்கு படம் கேளுங்கள்: முதுகு, பதிப்பு விவரப் பக்கம், நடுப்பக்கத்தை விரித்தது, பின்னட்டையின் உள்பக்கம். பின்னட்டைப் பையில் சிடி, மடித்த வரைபடம், சுவரொட்டி இருந்திருக்கும், பெரும்பாலும் தொலைந்திருக்கும். நிறுவலின் தரைப்படம் பல நூல்களில் அந்த மடிப்புத்தாளில்தான் இருக்கிறது, ஆகவே அது இல்லாமல் வாங்காதீர்கள். பல்கலைக்கழகப் பதிப்பகங்களின் பழைய தலைப்புகளில் சில இப்போது கேட்டால் மட்டும் அச்சடித்துத் தருபவை. எழுத்து நன்றாக இருக்கும், படம் கறுப்புத் திட்டாக வரும். லிப்பார்ட், ஓடோஹெர்ட்டிக்கு அதனால் பெரிய நஷ்டமில்லை. படம் முக்கியமான நூலுக்கு வேண்டாம்.

வெளிநாட்டு நூலுக்கு விலையைவிட எடையைப் பாருங்கள். மூன்று கிலோ கெட்டி அட்டைக்கு அனுப்பும் செலவு நூலின் விலையைத் தொட்டுவிடும். நான்கைந்தை ஒரே பொட்டலமாக, ஒரு இந்திய விநியோகஸ்தர் மூலம் வரவழையுங்கள். இந்தியாவில் வெளியான நூல் என்றால் சென்னை கன்னிமாரா நூலகத்துக்கு ஒரு பிரதி போக வேண்டும் என்பது 1954ஆம் ஆண்டுச் சட்டம். வாங்குவதற்கு முன் அங்கே தேடிப் பாருங்கள்.

வழவழப்பான ஆர்ட் பேப்பரில் களிமண் பூச்சு இருக்கிறது. நனைந்து அப்படியே காய்ந்தால் பக்கங்கள் ஒட்டிப் பலகையாகிவிடும், பிறகு பிரிக்க முடியாது. நனைந்தால் சில மணி நேரத்துக்குள் ஒவ்வொரு தாளுக்கும் நடுவே மெழுகுத்தாள் வையுங்கள். ஒரே நேரத்தில் நிறைய நனைந்தால் பிளாஸ்டிக் பையில் சுற்றி ஃப்ரீசரில் போட்டுவிட்டு ஒவ்வொன்றாக எடுத்துக் காயவைக்கலாம். கனத்த நூல்களை நிற்கவைக்காமல் படுக்கவையுங்கள். நின்றால் உள்தாள் கட்டு தொங்கி முதுகு கிழியும்.

தாழ்வாரம்:

நால்வருக்கும் நன்றி. இருபதாயிரத்துக்குள் எதை முதலில் வாங்குவது?

வெள்ளைச்சுவர்:

பிஷப், லிப்பார்ட், ஓடோஹெர்ட்டி, 'கிரேப்ஃப்ரூட்' நான்கையும் முதலில் எழுதுங்கள். அடுத்தது 'தோம்பு', சிறு பதிப்பகம் என்பதால் கிடைக்கும்போதே பிடித்துவிட வேண்டும். மிச்சம் இருந்தால் கபூர் அல்லது ஆல்ட், இரண்டில் ஒன்று. படிஎடுக்க ஆயிரம் ரூபாய் ஒதுக்கி, 'இன்சைட் இன்ஸ்டலேஷன்ஸ்' நூலிலிருந்து இரண்டு ஆய்வுகளை மட்டும் பதினைந்து பிரதி எடுங்கள், முழு நூலையும் வேண்டாம். மாணவர்கள் ஓரத்தில் குறிப்பெழுத இடம் விட்டு, ஒரு பக்கம் மட்டும் அச்சடிக்கச் சொல்லுங்கள்.